எல்லை தாண்டும் பணம் – 12: எக்கோ எப்போது வரும்?

நைஜீரியாவின் லாகோஸிலிருந்து ஐவரி கோஸ்ட்டின் அபிஜான் வரை கடலோரமாக ஒரு சாலை போகிறது. ஏறக்குறைய ஆயிரம் கிலோமீட்டர். இடையில் பெனின், டோகோ, கானா. சென்னையிலிருந்து திருவனந்தபுரம் போய்ச் சேருவதற்குள் நான்கு முறை பாஸ்போர்ட்டை நீட்டுவதாக நினைத்துக்கொள்ளுங்கள், அந்தச் சாலை புரிந்துவிடும்.

லாகோஸில் நைரா கொடுத்து டீசல் நிரப்பிக் கிளம்பும் லாரி ஓட்டுநர், செமே எல்லையைத் தாண்டியதும் சி.எஃப்.ஏ. பிராங்க் வைத்திருக்க வேண்டும். அங்கே அதை 'செஃபா' என்பார்கள். பெனினிலும் டோகோவிலும் அதே நோட்டு செல்லும். டோகோவின் தலைநகர் லோமே முடிகிற இடத்திலேயே கானா தொடங்கிவிடுகிறது. அங்கே சீடி வேண்டும். கானாவைக் கடந்தால் மறுபடி செஃபா. எல்லைகளில் கட்டுக் கட்டாக நோட்டு வைத்துக்கொண்டு மாற்றித் தருகிறவர்கள் காத்திருக்கிறார்கள். ஒவ்வொரு மாற்றத்திலும் ஓட்டுநரின் கையிருப்பு கொஞ்சம் கரைகிறது.

இந்தச் சாலை முழுக்க ஒரே நாணயம் செல்ல வேண்டும் என்பது மேற்கு ஆப்பிரிக்க நாடுகளின் நெடுநாள் ஆசை. 1975இல் லாகோஸில் கையெழுத்தான ஒப்பந்தத்தில் எகோவாஸ் கூட்டமைப்பு பிறந்தது. பொது நாணயத்துக்கு 2003 என்று நாள் குறித்தார்கள். பிறகு 2005, 2009, 2015, 2020 என்று தள்ளிப்போனது. இப்போது சொல்லப்படும் ஆண்டு 2027. நாணயத்துக்குப் பெயர் மட்டும் தயார்: எக்கோ.

சென்ற வாரம் கிரீஸின் கதையைப் பார்த்தோம். அங்கே பொது நாணயம் வந்த பிறகு சிக்கல் வந்தது. இங்கே நாணயமே வரவில்லை. ஏன் வரவில்லை என்று கேட்டால், முதலில் செஃபாவின் கதையைச் சொல்லியாக வேண்டும். ஏனென்றால் மேற்கு ஆப்பிரிக்காவின் ஒரு பாதியில் பொது நாணயம் 1945 முதல் இருக்கிறது. அதை உருவாக்கியது பாரிஸ்.

1945 டிசம்பர் 26 அன்று பிரான்ஸ் தன் ஆப்பிரிக்கக் காலனிகளுக்கென இந்த நாணயத்தை அறிவித்தது. சி.எஃப்.ஏ. என்ற எழுத்துகளுக்கு அன்றைய விரிவு, 'ஆப்பிரிக்காவிலுள்ள பிரெஞ்சுக் காலனிகள்'. விடுதலைக்குப் பிறகு விரிவை மாற்றினார்கள், எழுத்துகள் அப்படியே இருக்கின்றன. இன்று பெனின், புர்கினா ஃபாசோ, ஐவரி கோஸ்ட், கினி-பிஸாவ், மாலி, நைஜர், செனகல், டோகோ ஆகிய எட்டு நாடுகள் மேற்கு ஆப்பிரிக்க செஃபாவைப் பயன்படுத்துகின்றன. மைய வங்கி செனகலின் தலைநகர் டாக்காரில் இருக்கிறது. கேமரூன் உள்ளிட்ட ஆறு நாடுகளுக்குத் தனியாக இன்னொரு செஃபா உண்டு.

ஏற்பாடு இதுதான். செஃபாவுக்கு நிலையான மாற்று விகிதம். அந்த விகிதத்தில் எவ்வளவு கேட்டாலும் மாற்றித் தருவதாக பிரான்ஸ் உத்தரவாதம். அதற்கு ஈடாக, இந்த நாடுகள் ஏற்றுமதி செய்து ஈட்டும் அந்நியச் செலாவணியில் ஒரு பங்கை பிரெஞ்சுக் கருவூலத்தில் வைக்க வேண்டியிருந்தது. முதலில் முழுத் தொகையையும், 1973க்குப் பின் 65 சதவீதத்தையும், 2005க்குப் பின் 50 சதவீதத்தையும். மைய வங்கியின் குழுவில் பிரான்ஸின் பிரதிநிதியும் உட்கார்ந்திருந்தார். சொந்த வீட்டு நகையை அடுத்த வீட்டுப் பீரோவில் வைத்து, சாவியையும் அங்கேயே கொடுத்துவிட்டது போன்ற நிலைமை.

அந்தச் சாவி யார் கையில் இருந்தது என்பது 1994இல் தெரிந்தது. எண்பதுகளின் இறுதியில் கொக்கோ, காப்பி விலைகள் சரிந்தன. பக்கத்து கானா 1983 முதலே சீடியின் மதிப்பைக் குறைத்துத் தன் சரக்கை மலிவாக்கிக்கொண்டிருந்தது. செஃபா நாடுகளுக்கு அந்த வழி இல்லை. 1960இல் வந்த புதிய பிராங்கில் கணக்கிட்டால், ஒரு பிரெஞ்சு பிராங்குக்கு 50 செஃபா என்ற விகிதம் 1948 முதல் அசையவே இல்லை. அதை அசைக்கக் கூடாது என்பதில் ஐவரி கோஸ்ட்டின் முதல் அதிபர் ஊஃபுவே-புவாஞி உறுதியாக இருந்தார். 1993 டிசம்பர் 7 அன்று அவர் இறந்தார். பிரம்மாண்டமான இறுதிச் சடங்கு பிப்ரவரியில்தான் நடந்தது. அதற்குள், ஜனவரி 11 அன்று, செஃபா நாடுகளின் அதிபர்களை டாக்காரில் கூட்டி முடிவை அறிவித்துவிட்டார்கள். பிரெஞ்சு அமைச்சரும் ஐ.எம்.எஃப். தலைவரும் உடன் இருந்தார்கள். இனி ஒரு பிராங்குக்கு 100 செஃபா.

ஒரே இரவில் பணத்தின் வெளி மதிப்பு பாதி. டாக்காரிலோ அபிஜானிலோ மருந்துக் கடைக்குப் போனவருக்கு இதன் பொருள் மறுநாளே தெரிந்திருக்கும். மருந்து பிரான்ஸிலிருந்து வருகிறது, சம்பளமோ செஃபாவில், அதுவும் உயராமல். பிப்ரவரியில் டாக்காரில் கலவரம் வெடித்துப் போலீஸ்காரர்கள் உயிரிழந்தார்கள். பருத்தி விவசாயிகளுக்கும் கொக்கோ விவசாயிகளுக்கும் பின்னர் ஓரளவு பலன் கிடைத்தது, ஏற்றுமதியும் மீண்டது. அதை மறுக்க முடியாது. ஆனால் மக்களின் சேமிப்பைப் பாதியாக்கும் முடிவு, அவர்கள் வாக்களித்துத் தேர்ந்தெடுத்த எந்த அவையிலும் விவாதிக்கப்படவில்லை. செஃபாவின் மீது இளைஞர்களுக்கு இருக்கும் கோபத்தை வெறும் உணர்ச்சி என்று ஒதுக்குகிறவர்கள் இதை மறந்துவிடுகிறார்கள்.

மறுபக்கத்தையும் நேர்மையாகச் சொல்ல வேண்டும். செஃபா நாடுகளில் விலைவாசி கட்டுக்குள் இருந்திருக்கிறது. 2022 டிசம்பரில் கானாவின் பணவீக்கம் 54 சதவீதத்தைத் தொட்டது. அதே மாதம் அந்த நாடு வெளிநாட்டுக் கடனைத் திருப்பித் தர முடியாது என்று கைவிரித்தது. அந்த நெருக்கடிக் காலத்தில் எல்லைப்புறத்துக் கானா கொக்கோ மூட்டைகள் இரவோடு இரவாக ஐவரி கோஸ்ட்டுக்குக் கடத்தப்பட்டன. உலகக் கொக்கோவில் பாதிக்கு மேல் விளைவது இந்த இரண்டு நாடுகளில். ஒரே மண், ஒரே மரம். அடுத்த மாதம் கரைந்துபோகாத பணத்தில் விலை கிடைக்கிறது என்றால் விவசாயி எல்லையைப் பார்ப்பாரா?

ஆனால் அந்த உறுதிக்கும் விலை உண்டு. 1999 முதல் செஃபா யூரோவோடு கட்டப்பட்டிருக்கிறது. ஒரு யூரோவுக்கு 655.957. ஐவரி கோஸ்ட்டின் முந்திரிக்கொட்டை உலகச் சந்தையில் டாலரில் விலை போகிறது. நம் தூத்துக்குடித் துறைமுகத்தில் இறங்குவதிலும் அந்தக் கொட்டை உண்டு. ஐரோப்பாவில் ஏதோ காரணத்தால் டாலருக்கு எதிராக யூரோ ஏறினால், முந்திரி விலை மாறாமலே ஐவரி கோஸ்ட் விவசாயியின் கைக்கு வரும் செஃபா குறைகிறது. ஃபிராங்க்ஃபர்ட்டில் யூரோவின் வட்டி விகிதத்தை முடிவு செய்கிறவர்களின் கணக்கில் அவர் இல்லை.

அப்படியானால் பாரிஸை விட்டு வெளியேறி, எகோவாஸ் நாடுகள் எல்லாம் சேர்ந்து சொந்த நாணயம் வைத்துக்கொள்வதுதானே வழி? காகிதத்தில் ஆம். நிபந்தனைகளும் வகுத்திருக்கிறார்கள். பட்ஜெட் பற்றாக்குறை உற்பத்தியில் 3 சதவீதத்துக்குள், கடன் 70 சதவீதத்துக்குள், மூன்று மாத இறக்குமதிக்குப் போதுமான செலாவணிக் கையிருப்பு. இவற்றை எல்லா நாடுகளும் சேர்ந்தாற்போல நிறைவேற்றிய ஆண்டு ஒன்றுகூட இல்லை.

அதைவிடப் பெரிய தடை நைஜீரியா. கூட்டமைப்பின் மொத்த உற்பத்தியில் மூன்றில் இரண்டு பங்கு அளவுக்கு அந்த ஒரு நாட்டினுடையதாக இருந்திருக்கிறது. அது எண்ணெய் விற்கும் நாடு, அக்கம்பக்கத்து நாடுகள் பெரும்பாலும் எண்ணெய் வாங்குபவை. 2014இல் எண்ணெய் விலை விழுந்தது. 2016இல் நைஜீரியாவின் பொருளாதாரம் சுருங்கியபோது ஐவரி கோஸ்ட் வேகமாக வளர்ந்துகொண்டிருந்தது. ஒரே நாணயம், ஒரே மைய வங்கி என்று இருந்திருந்தால் அந்த ஆண்டு வட்டியை ஏற்றியிருப்பார்களா, இறக்கியிருப்பார்களா? யாருக்காக? 1961இல் பொருளாதார அறிஞர் ராபர்ட் மண்டெல் எழுப்பிய கேள்வி இதுதான். ஒரே நாணயம் வேண்டுமானால், ஒரு பகுதி விழும்போது தொழிலாளர் தடையின்றி இடம்பெயர வேண்டும், அல்லது மற்ற பகுதியிலிருந்து பணம் வந்து தாங்க வேண்டும். நைஜீரியத் தலைநகரான அபுஜா விழுந்தால் செனகலின் வரிப்பணம் தாங்குமா? செனகல் விழுந்தால் அபுஜா தாங்குமா?

பதில் 2019இல் கிடைத்தது. ஜூன் 29 அன்று அபுஜாவில் கூடித்தான் எக்கோ என்ற பெயரை ஏற்றார்கள். ஆகஸ்டில் அரிசிக் கடத்தலைத் தடுப்பதாகச் சொல்லி நைஜீரியா தன் தரை எல்லைகளை மூடியது. 2020 டிசம்பர் வரை திறக்கவில்லை. கூட்டமைப்பில் தன்னோடு கையெழுத்திட்ட பெனினின் வியாபாரிகளைப் பற்றி அபுஜா கவலைப்படவில்லை. வாசலை அடைக்கும் அண்ணனிடம் பணப்பெட்டியை யார் கொடுப்பார்கள்?

2019 டிசம்பரில் இன்னொரு திருப்பம். அபிஜானில் பிரெஞ்சு அதிபர் மக்ரோன் பக்கத்தில் நிற்க, ஐவரி கோஸ்ட் அதிபர் வட்டாரா செஃபா இனி 'எக்கோ' ஆகும் என்று அறிவித்தார். வட்டாரா ஒரு காலத்தில் டாக்கார் மைய வங்கியின் ஆளுநர், ஐ.எம்.எஃப்.இல் உயர் பதவி வகித்தவர். கருவூலத்தில் பாதிப் பணம் வைப்பது நிற்கும், குழுவிலிருந்து பிரெஞ்சுப் பிரதிநிதிகள் வெளியேறுவார்கள். ஆனால் யூரோவோடு உள்ள கட்டும் பிரான்ஸின் உத்தரவாதமும் தொடரும். 2020 ஜனவரி 16 அன்று நைஜீரியா, கானா உள்ளிட்ட ஆறு நாடுகளின் நிதியமைச்சர்களும் மைய வங்கி ஆளுநர்களும் அபுஜாவில் கூடி இதைக் கண்டித்தார்கள். கண்டனம் நியாயமானது என்றே நினைக்கிறேன். பதினைந்து நாடுகள் சேர்ந்து வைத்த பெயரை எட்டு நாடுகளின் பழைய நோட்டுக்கு ஒட்டப் பார்த்தது தவறு. அந்த நோட்டும் எக்கோ ஆகவில்லை.

பொது நாணயம் எப்படி ஆயுதமாகும் என்பதை 2022இல் மாலி அறிந்தது. தேர்தலைத் தள்ளிப்போட்ட ராணுவ ஆட்சிக்கு எதிராக ஜனவரியில் எகோவாஸ் நாடுகள் தடை விதித்தன. டாக்கார் மைய வங்கியில் இருந்த மாலியின் பணம் முடக்கப்பட்டது. கஜானாவில் காசு இருந்தும் மாலியால் கடன் தவணையைக் கட்ட முடியவில்லை. ஜூலையில்தான் தடை நீங்கியது. ராணுவ ஆட்சியை நான் ஆதரிக்கவில்லை. ஆனால் விலைவாசியைக் காப்பதற்காக அமைத்த ஒரு மைய வங்கியை அண்டை நாட்டைப் பணிய வைக்கப் பயன்படுத்தியது பெரும் பிழை. இதைப் பார்த்த எந்த நாடு, நாளை எக்கோவின் மைய வங்கியில் தன் கையிருப்பை நிம்மதியாக வைக்கும்?

2027இல் எக்கோ வராது என்பது என் கணிப்பு. அதற்கு முன் நைஜீரியா எல்லைகளை மூடமாட்டேன் என்று நடந்து காட்ட வேண்டும், மைய வங்கியில் அரசியல் கை வைக்க முடியாது என்று சட்டமாக எழுத வேண்டும். இரண்டும் தொடங்கக்கூட இல்லை.

மாலி, புர்கினா ஃபாசோ, நைஜர் மூன்றும் 2025 ஜனவரி 29 அன்று எகோவாஸிலிருந்து வெளியேறின. பிரெஞ்சுப் படைகளை முன்பே திருப்பி அனுப்பிவிட்டார்கள். ஆனால் வெளியேறிய மறுநாளும் மாலியின் தலைநகர் பமாக்கோவின் சந்தையில் வெங்காயம் செஃபாவில்தான் விற்றது. அந்த நோட்டுகள் அச்சானது நடு பிரான்ஸில், ஷமாலியேர் என்ற சிறு நகரில்.