வாலில் கண் கொண்ட மயில் குட்ஜன்

மயிலைக் காணாதவர் நம்மில் எவரும் இலர். மயிலின் பெயரைத் தாங்கிய மீன்களும் உண்டு. பாய் விரித்தாற்போன்ற முதுகுத் துடுப்புடன் நம் கடலில் பிடிபடும் பெரிய மயில் மீன் அவற்றுள் ஒன்று. நாம் இங்கே காணப்போவது அதுவன்று; நம் விரல் நீளமே வளரும் ஒரு நன்னீர் மீன். 'மயில் குட்ஜன்' என்று அதனை அழைப்பர்.

பிறந்த இடம்

ஆஸ்திரேலியாவுக்கு வடக்கே உள்ள பப்புவா நியூகினி நாட்டின் கிழக்குப் பகுதியே இதன் தாயகம். உலகில் வேறெங்கும் இது இயற்கையாக வாழ்வதில்லை. தாழ்நிலக் காடுகளில் மெல்ல ஓடும் சிற்றோடைகளிலும் குட்டைகளிலும் சிறு பூச்சிகளையும் புழுக்களையும் உண்டு வாழ்கிறது. 1955-ஆம் ஆண்டு அமெரிக்க அறிஞர் ஜான் ட்ரெட்வெல் நிக்கோல்ஸ் இதற்கு அறிவியல் பெயர் சூட்டினார். அப்பெயரில் வரும் 'ஒசெல்லிகாடா' என்னும் சொல்லுக்கு, வாலில் சிறு கண்ணை உடையது என்பது பொருள். வாலின் அடியில் உள்ள கரும்புள்ளியே அந்தக் கண்.

தோற்றம்

நீல வெள்ளி உடல், அதன்மேல் செந்நிறக் கோடுகள், மஞ்சள் தீட்டிய துடுப்புகள்: மயிலின் பெயர் இதற்குப் பொருத்தமே. வளர்ந்த ஆணின் நெற்றி புடைத்திருக்கும். பெண்ணின் வயிறு மஞ்சளாகவும், துடுப்பு ஓரத்தில் கருங்கோடு ஓடியும் இருக்கும். நம் நீர்நிலைகளில் உள்ள உளுவை மீனுக்கு இது தூரத்து உறவு. உளுவைக்கு வயிற்றுத் துடுப்புகள் இணைந்து பாறையைப் பற்ற உதவுகின்றன. இதற்கோ அவை தனித்தனியே உள்ளன. எனவே இது பாறையில் ஒட்டிக் கிடக்காமல் நீரில் மிதந்தவாறே நிற்கும்.

தந்தையின் காவல்

ஆண் மீன் ஒரு சிறு பொந்தைத் தேர்ந்து, துடுப்புகளை விரித்துக் காட்டிப் பெண்ணை அழைக்கும். பெண் உள்ளே சென்று, பொந்தின் கூரையில் முட்டைகளை ஒட்டிவிட்டு வெளியேறிவிடும். அதன் பின் காவல் முழுவதும் தந்தையுடையதே. அது இடைவிடாமல் துடுப்பை அசைத்து முட்டைகளின் மேல் புதுநீரை வீசும். ஏன் தெரியுமா? முட்டைக்குள் வளரும் உயிருக்கும் பிராணவாயு வேண்டும். நீர் தேங்கி நின்றால் முட்டைகள் மூச்சின்றி மடியும், பூஞ்சையும் பற்றும். ஏறத்தாழ ஒரு வாரம் முதல் பத்து நாட்களில் குஞ்சுகள் வெளிவரும். அத்துடன் தந்தையின் கடமை முடிந்துவிடும்.

கண்ணாடித் தொட்டியில்

இரண்டடி நீளமுள்ள தொட்டி ஒரு சிறு குழுவுக்குப் போதும். செடிகளும், ஒளிந்துகொள்ள மூங்கில் குழாய்த் துண்டுகளும் வேண்டும். நீரின் வெப்பம் 24 முதல் 26 டிகிரி செல்சியஸ் இருப்பது நலம். உலர்ந்த தீவனத்தை இது எளிதில் விரும்பாது. கொசுப்புழு போன்ற உயிர் இரையே பிடிக்கும். துள்ளி வெளியே விழாதிருக்க மூடியும் அவசியம்.

எல்லாவற்றிலும் முக்கியமானது பொறுமை. மீனின் கழிவிலிருந்து அம்மோனியா என்னும் நஞ்சு உண்டாகிறது. நன்மை செய்யும் நுண்ணுயிர்கள் அதனை முதலில் நைட்ரைட்டாகவும், பின்னர் தீங்கு குறைந்த நைட்ரேட்டாகவும் மாற்றுகின்றன. இந்நுண்ணுயிர்கள் புதுத் தொட்டியில் பெருகச் சில வாரங்கள் ஆகும். தொட்டி வாங்கிய அன்றே மீன்களை நிறைத்தால், நீர் பளிங்குபோல் தெளிந்திருந்தும் அவை மடிவது இதனால்தான். நிலைபெற்ற தொட்டியிலும் வாரம் ஒருமுறை நீரில் கால் பங்கை மாற்ற வேண்டும்.

நம் பொறுப்பு

வளர்க்க இயலாத மீனைக் குளத்தில் விடுவது கருணை என்று சிலர் எண்ணுகின்றனர். தொட்டியைச் சுத்தம் செய்யும் என்று வாங்கப்பட்ட தென்னமெரிக்க 'சக்கர்' மீன், அவ்வாறு வெளியேறித் தமிழகத்து நீர்நிலைகளில் பெருகி, மீனவர் வலைகளைக் கிழிக்கிறது. நாட்டு மீன்களின் இடத்தையும் பறிக்கிறது. அயல்நாட்டு மீன் எதுவாயினும் அதனைக் குளத்தில் விடலாகாது. விற்ற கடையிலோ, வளர்க்கத் தெரிந்தவரிடமோ ஒப்படைப்பதே முறை.

மயில் குட்ஜனின் தாயகமோ மிகச் சிறியது. ஓடைக்கு நிழல் தரும் மரங்கள் போனால் நீர் சூடேறும், மண் சரிந்து கலங்கும், மரத்திலிருந்து விழும் பூச்சி இரையும் குறையும். அங்குள்ள காடும் நம் ஊர்க் குளமும் காக்கப்பட்டால்தான் அந்தந்த மீன் அதனதன் வீட்டில் வாழும். தொட்டியின் முன் நின்று வியக்கும் நாம் இதனையும் மறவாதிருப்போமாக.