உங்களுக்குத் தெரியுமா? தேயிலை மலைக்கு வந்த கமரா

● தெளிவத்தை ஜோசப்பின் பெயரில் இருக்கும் ‘தெளிவத்தை’ ஒரு தோட்டத்தின் பெயர். பதுளை மாவட்டத்தில் ஹாலி-எல பக்கம் ஊவாக்கட்டவளைத் தோட்டத்தில் 1934இல் பிறந்தவர், தான் ஆசிரியராக வேலை பார்த்த தோட்டத்தையே பெயரோடு சேர்த்துக்கொண்டார். ‘காலங்கள் சாவதில்லை’ நாவலால் அவரை அறிந்த பலருக்கும், அவர் சினிமாவுக்கும் எழுதியவர் என்பது தெரியாது.

● அவர் பிறந்த அதே 1934இல், இலங்கைத் தேயிலைப் பிரசார சபையின் பணத்தில் ‘சோங் ஒஃப் சிலோன்’ என்ற ஆவணப்படம் உருவானது. இயக்கியவர் ஆங்கிலேயரான பெசில் ரைட். அதில் ஒரு பகுதிக்கு ‘வணிகத்தின் குரல்கள்’ என்று தலைப்பு. திரையில் உழைப்பைக் காட்டிக்கொண்டே, காதில் சந்தை விலையைச் சொல்லும். மறு ஆண்டு பிரசெல்ஸ் விழாவில் முதற்பரிசு வாங்கியது.

● 1954இல் வந்த ஹொலிவூட் படம் ‘எலிஃபன்ட் வோக்’ இலங்கைத் தேயிலைத் தோட்டத்துத் துரை, துரைசாணியின் கதை. நாயகியாக நடிக்க இங்கே வந்த விவியன் லீ இடையில் நோயுற்றதால், எலிசபெத் டெய்லர் அந்த இடத்துக்கு வந்தார். ஆனாலும் தூரத்திலிருந்து எடுத்த சில காட்சிகளில் தெரிபவர் விவியன் லீதான்!

● இலங்கையில் 35 மி.மீ. சுருளில் எடுத்த முதல் முழுநீளத் தமிழ்ப் படத்தின் பெயரே ‘தோட்டக்காரி’. ஆண்டு 1963, இயக்குநர் கிருஷ்ணகுமார்.

● மலையகத்துத் தொழிற்சங்கத் தலைவர் ஒருவர் கதாநாயகனானதும் உண்டு. 1975இல் ‘புதிய காற்று’ படத்தைத் தயாரித்து, அதில் நாயகனாகவும் நடித்தார் வி.பி. கணேசன். எஸ். ராமநாதன் இயக்கினார். எழுத்துப் பணியில் பங்கெடுத்தவர்களில் ஒருவர் நம் தெளிவத்தை ஜோசப். லயத்து வாழ்க்கையை உள்ளிருந்து அறிந்த பேனா திரைக்குப் போனது அப்படித்தான்.

● கணேசன் ஒரு படத்தோடு நிற்கவில்லை. 1978இல் ‘நான் உங்கள் தோழன்’, 1981இல் ‘நாடு போற்ற வாழ்க’. மூன்றாவது படத்தை இயக்கியவர் சிங்களத் திரையுலகின் யசபாலித நாணயக்கார.

● தமிழ்நாட்டின் விஷ்ணுபுரம் விருது 2013இல் ஜோசப்புக்குக் கிடைத்தது. இலங்கை எழுத்தாளர் ஒருவர் அதைப் பெற்றது அதுவே முதல் முறை. 2022இல் காலமானார்.

● பதுளை ரயிலில் வருகிறவர்களின் கமராக்கள் தெமோதரைக்கு முன்னால், ஒன்பது வளைவுப் பாலத்தோடு ஓய்ந்துவிடும். இறங்காமல் இருந்தால், பதுளைக்கு முந்திய ஸ்டேஷன் ஹாலி-எல. ‘புதிய காற்று’க்கு எழுதிய கை முதன்முதலாக எழுத்துக்கூட்டிய ஊர்ப்பக்கம் அது.