அப்பாவின் ஜாயின்ட் அக்கவுன்ட்: பணம் யாருக்கு?

அப்பா போய் நாலு மாசம் ஆகிறது. காரியமெல்லாம் முடிந்து ஒரு நாள் சாப்பிடும்போது, அப்பாவோட ரிடையர்மென்ட் பணத்தைப் பற்றி அம்மா பேச்செடுத்தாங்க. "அது என் பேர்லயும் இருக்கற அக்கவுன்ட்மா. இனிமே என்னோடதுதான்னு பேங்க்லயே சொல்லிட்டாங்க" என்றான் அண்ணன். அம்மா அதுக்கப்புறம் வாயே திறக்கலை. எனக்குச் சோறு இறங்கலை. அன்றிரவு தேட ஆரம்பித்தேன். படித்ததை இங்கே குறித்து வைக்கிறேன், இன்னொரு வீட்டுக்கு உதவலாம்.

எங்கள் கதை சாதாரணமானதுதான். அப்பாவால் பேங்குக்கு அலைய முடியாமல் போனபோது அண்ணன் பேரையும் கணக்கில் சேர்த்தார். 'ஈதர் ஆர் சர்வைவர்' முறை. அதாவது இருவரில் யார் வேண்டுமானாலும் எடுக்கலாம், ஒருவர் இறந்தால் மற்றவர் எடுக்கலாம். உள்ளே இருந்த பணம் முழுக்க அப்பா சம்பாதித்தது. உயில் இல்லை.

இதில் இரண்டு கேள்விகள் கலந்து கிடக்கின்றன. பேங்க் யாரிடம் கொடுக்கணும்? கொடுத்த பணம் யாருக்குச் சொந்தம்?

முதல் கேள்விக்கு அண்ணன் சொன்னது சரி. ரிசர்வ் வங்கி 2005-ல் அனுப்பிய சுற்றறிக்கைப்படி, கோர்ட் தடை எதுவும் இல்லையென்றால் உயிரோடு இருப்பவரிடம் கொடுத்ததோடு வங்கியின் பொறுப்பு தீர்ந்தது. ஆனால் அதே சுற்றறிக்கையில் இன்னொன்றும் இருக்கிறது: வாங்குபவர் சட்டப்படியான வாரிசுகளுக்கு டிரஸ்டியாகத்தான் வாங்குகிறார் என்று அவரிடம் தெளிவாகச் சொல்லிவிட வேண்டும். கவுன்டரில் முதல் பாதியை மட்டும் சொல்லியிருக்காங்க போல.

இரண்டாவது கேள்வி பழசு. 1928-ல் லண்டன் பிரிவி கவுன்சில் வரை போன இந்திய வழக்கு ஒன்று, குரன் தித்தா எதிர் ராம் தித்தா. ஒருவர் தன் பணத்தைத் தன் பேரிலும் மனைவி பேரிலும் சேர்த்து, இருப்பவர் எடுக்கலாம் என்று போட்டிருந்தார். இங்கிலாந்தில் என்றால் மனைவிக்குக் கொடுத்ததாகவே ஊகிப்பார்கள். இந்தியாவில் அந்த ஊகம் கிடையாது, பேர் சேர்த்ததாலேயே அது கொடையாகாது என்று தீர்ப்பு வந்தது. இங்கே சௌகரியத்துக்காகப் பேர் சேர்ப்பது சகஜம்தானே! கொடைதான் என்று சொல்பவர் அதை நிரூபிக்க வேண்டும்.

நாமினி விஷயமும் இப்படித்தான். ராம் சந்தர் தல்வார் வழக்கில் (2010) உச்ச நீதிமன்றம், நாமினிக்குப் பணத்தை வாங்கும் உரிமை மட்டுமே உண்டு, சொந்தம் வாரிசுகளுக்கே என்றது. ஜாயின்ட் அக்கவுன்டில் எல்லோரும் இறந்த பிறகுதான் நாமினிக்கு வேலையே வரும்.

அப்படியானால் வாரிசுகள் யார்? இந்து வாரிசுரிமைச் சட்டம் 1956 படி, உயில் இல்லாதபோது மனைவி, மகன், மகள், இறந்தவரின் தாய் எல்லோருக்கும் சம பங்கு. பாட்டி இப்போ இல்லை. ஆக அம்மா, அண்ணன், நான், மூன்று பங்கு. 9 லட்சம் என்றால் ஆளுக்கு 3 லட்சம். "உனக்குத்தான் கல்யாணத்துல போட்டாச்சே" என்பதற்கு இந்தச் சட்டத்தில் இடமில்லை. பலர் நினைப்பதுபோல 2005 திருத்தத்தில் வந்த உரிமையும் இல்லை இது. அந்தத் திருத்தம் கூட்டுக் குடும்பச் சொத்துக்கு. அப்பா சுயமாகச் சம்பாதித்ததில் மகளுக்கு 1956 முதலே சம உரிமை உண்டு. அண்ணன் தன் சம்பளத்திலிருந்து ஏதாவது போட்டிருந்தால் அது மட்டும் அவனுடையது. அதனால்தான் ஆரம்பத்திலிருந்து ஸ்டேட்மென்ட் எடுப்பது முக்கியம்.

தாலுகா ஆபீசில் வாரிசுச் சான்றுக்கு விண்ணப்பித்திருக்கிறேன். பேங்குக்கு வெறும் கடிதம் எழுதினால் பணம் நிற்காது, கோர்ட் உத்தரவு வேண்டும். அதுவரை போக எனக்கு மனசில்லை. போன ஞாயிறு இதையெல்லாம் அண்ணனிடம் பொறுமையாகச் சொன்னேன். ரொம்ப நேரம் பேசாமல் இருந்துவிட்டு, "அம்மா பங்கை முதல்ல அம்மா பேர்ல போட்டுடறேன்" என்றான். என் பங்கைப் பற்றி இன்னும் பேசவில்லை. அம்மா அன்றைக்கு ரெண்டு பேருக்கும் சேர்த்துச் சோறு போட்டாங்க.

உங்க வீட்டில் அப்பா அம்மா இருக்கும்போதே ஒன்று கேளுங்கள்: "அக்கவுன்ட்ல என் பேரைச் சேர்த்தது சௌகரியத்துக்கா, எனக்கே கொடுக்கவா?" பதில் எதுவானாலும் அதை உயிலாக எழுதி வாங்கி வையுங்கள்.