பிடிக்கத் தெரிந்தவர் பேசப் போன கதை!

திங்கட்கிழமை என்றாலே நமக்கெல்லாம் வயிற்றைக் கலக்கும். 2018-ல் ஜேசன் விட்டனுக்கும் அப்படித்தான் இருந்திருக்கும், பாவம்!

யார் அந்த விட்டன் என்கிறீர்களா? அமெரிக்க ஃபுட்பால் ஆட்டக்காரர். (பெயர்தான் ஃபுட்பால். முட்டை மாதிரி ஒரு பந்தைக் கையில் இடுக்கிக்கொண்டு ஓடுவார்கள். மற்றவர்கள் மேலே விழுந்து அமுக்குவார்கள்!) டல்லாஸ் கௌபாய்ஸ் அணியில் 2003 முதல் 15 சீசன். வீசிய பந்தை 1,152 தடவை பிடித்தவர். முதல் வருஷமே தாடை உடைந்தது. எத்தனை நாள் லீவு? ஒரே ஒரு மேட்ச்! தலைவலிக்கு இரண்டு நாள் லீவு லெட்டர் எழுதும் நாம் எழுந்து நின்று ஒரு கும்பிடு போடலாம்.

2018 மே மாதம், 35 வயதில், 'போதும்டா சாமி' என்று ஓய்வு பெற்றார். உடனே ஈ.எஸ்.பி.என். டி.வி. கூப்பிட்டு, திங்கட்கிழமை இரவு மேட்ச்சுக்கு வர்ணனையாளராக உட்கார வைத்தது. காரணம் இருந்தது. முந்தின வருஷம் அதே அணியின் டோனி ரோமோ, சி.பி.எஸ். டி.வி.க்குப் போய், பந்து எந்தப் பக்கம் போகும் என்று முன்கூட்டியே சொல்லிக் கலக்கிக்கொண்டிருந்தார். மைதானத்தில் ரோமோ வீச, விட்டன் பிடிப்பார். வீசியவர் பேசும்போது பிடித்தவர் பேச மாட்டாரா என்ன?

பேசினார். அங்கேதான் வம்பு! மந்திரவாதி முயலைத் தொப்பியிலிருந்து எடுப்பான். விட்டன் வாயில் அது 'தலையிலிருந்து' வந்தது. ஜனங்கள் விழுந்து விழுந்து சிரித்தார்கள். 2019 ஜனவரியில் ஒரு பரிசளிப்பில், கோப்பை அவர் கையிலேயே உடைந்தது. 1,152 பந்து பிடித்த கை சார் அது!

நான் சிரிக்கவில்லை. பி.காம். முடித்து ஒரு கம்பெனியில் கணக்கு எழுதிய காலத்தில், ட்ரயல் பேலன்ஸில் பத்து ரூபாய் உதைத்தால், எந்த வவுச்சர் என்று மோப்பம் பிடித்துவிடுவேன். மேனேஜர் அசந்துபோய், புதுப் பையன்களுக்குப் பாடம் எடுக்கச் சொன்னார். போர்டு முன்னால் நின்றேன். டெபிட் எந்தப் பக்கம் என்பதே மறந்துவிட்டது! கைக்குத் தெரிந்தது வாய்க்குத் தெரியவில்லை.

விட்டன் வீம்பு பிடிக்கவில்லை. 2019 பிப்ரவரியில் டி.வி.க்கு டாட்டா காட்டிவிட்டு, 36 வயதில் கௌபாய்ஸுக்கே திரும்பினார். அந்த சீசனில் 63 பந்து பிடித்தார். 2020-ல் ரெய்டர்ஸ் அணிக்கு ஆடி முடித்தார். 2021-ல் டெக்ஸாஸில் ஒரு பள்ளிக்கூட அணிக்குக் கோச் ஆனார். 2023-ல் அந்தப் பையன்கள் தனியார் பள்ளிகளுக்கான மாநிலப் பட்டத்தை வென்றார்கள். ஆக, மனுஷனுக்குச் சொல்லித்தர வராமல் இல்லை. மைக் முன்னால் வராதது மைதானத்தில் வந்திருக்கிறது!

புது நாற்காலி குத்தினால் பழைய நாற்காலிக்குத் திரும்புவதில் வெட்கமே வேண்டாம். நானும் மறுநாளே லெட்ஜருக்கு ஓடி வந்துவிட்டேன். மேனேஜருக்குக் கொஞ்சம் வருத்தம்.

பையன்களுக்குத்தான் சந்தோஷம் தாங்கவில்லை!