மேனாட்டு இலக்கியத் திறனாய்வு: ஓர் அறிமுகம்

மேனாட்டு இலக்கியத் திறனாய்வின் வரலாறு ஒரு குற்றச்சாட்டிலிருந்தே பெரிதும் வளர்ந்தது. கி. மு. நான்காம் நூற்றாண்டில் பிளேற்றோ, ‘குடியரசு’ என்னும் நூலின் பத்தாம் பகுதியில், தேவர் துதியும் நல்லோர் புகழும் ஒழிந்த பிற கவிதைகட்கு நல்லரசில் இடமில்லை என்றார். அவர் காட்டிய காரணங்களுள் இரண்டு தலையாயவை. தச்சன் செய்யும் கட்டில் உண்மைக் கட்டிலின் போலி. ஓவியன் தீட்டுவது அப்போலியின் போலி. கவிஞன் ஆக்கமும் அத்தகையதே என்பது ஒன்று. அறிவினால் அடக்கப்படவேண்டிய உணர்ச்சிகளைக் கவிதை ஊட்டி வளர்க்கின்றது என்பது மற்றொன்று. எனினும், கவிதையின் சார்பில் உரைநடையில் வாதிட வல்லார் முன்வரின் செவிமடுப்போம் எனவும் அவர் கூறிவைத்தார்.

அவர் மாணாக்கராகிய அரிஸ்ரோட்டிலின் ‘கவிதையியல்’ அவ்விரண்டிற்கும் விடையாக அமைந்தது. நிகழ்ந்ததைக் கூறுவது வரலாறு. நிகழக்கூடியதைக் கூறுவது கவிதை. ஆதலின் கவிதையே மெய்யியலுக்கு அணித்தாயது. அவலநாடகம் இரக்கத்தையும் அச்சத்தையும் எழுப்பி, அவ்வுணர்ச்சிகளைத் தூய்மையுறச் செய்கின்றது.

உரோமப் புலவர் ஹொறேஸ் பயனையும் இன்பத்தையும் இணைத்துப் பேசினார். 1595இல் அச்சேறிய நூலில் சேர் பிலிப் சிட்னி, கவிஞன் எதனையும் மெய்யெனச் சாதிப்பதில்லை. ஆதலின் அவன் பொய்யனல்லன் என வாதித்தார். 1765இல் ஜோன்சன், நாடகங் காண்போர் தாம் அரங்கின்முன் இருப்பதை மறவார் எனக் காட்டி, கால இட ஒருமைகளைப் பேணாத சேக்ஸ்பியரைக் காத்தார்.

பின்னர் நோக்கு மாறியது. வேர்ட்ஸ்வேர்த் 1800இல் எழுதிய முன்னுரையிலும், கோல்றிட்ஜ் 1817இல் வெளியிட்ட நூலிலும் கவிஞனின் உள்ளமும் கற்பனையும் முதன்மை பெற்றன. 1919இல் எலியற் கவிஞனை விடுத்துக் கவிதையை நோக்குமாறு பணித்தார். றிச்சாட்ஸ் படிப்போனையே ஆராய்ந்தார்: ஆக்கியோர் பெயரை மறைத்துக் கேம்பிறிட்ஜ் மாணவரிடம் கவிதைகளைக் கொடுத்து, அவர்கள் எழுதிய கருத்துகளை 1929இல் வெளியிட்டார். நன்கு கற்றோரும் பொருளைத் தவறாக உணர்ந்தமை அதனாற் புலனாயிற்று.

எனவே, இத்துறையிற் புகுவோர் பெயர்களையும் ஆண்டுகளையும் மனனஞ் செய்தலோடு அமைதல் போதாது. ஒவ்வொருவரும் எவ்வினாவுக்கு விடை கூறினர் என்பதை அறிதல் வேண்டும். அறிந்தபின் கவிதையைத் தாமே படித்துத் துணிதல் வேண்டும். அரிஸ்ரோட்டில் சோபோக்கிளிஸ் முதலியோரின் நாடகங்களைக் கண்டே இலக்கணம் உரைத்தார். இலக்கணத்தை வகுத்துக்கொண்டு நாடகத்தைத் தேடினாரல்லர்.