கொல்லங்கோடு தந்த குணச்சித்திர நடிகர்

ஆங்கிலத்தில் 'கேரக்டர் ஆக்டர்' என்பவரை நாம் குணச்சித்திர நடிகர் என்கிறோம். கதாநாயகன் எந்த வேடம் போட்டாலும் ரசிகர்களுக்கு அவர் அவராகவே தெரிய வேண்டும். குணச்சித்திர நடிகர் நிலை வேறு. ஒரு படத்தில் அப்பா, அடுத்த படத்தில் கொலைகாரர். கட்அவுட், பாலாபிஷேகம் எதுவும் கிடையாது. ஆனால் எதிரே அவர் சரியாக நிற்காவிட்டால் நாயகனின் உயரம் தெரியாது. இதற்கு உதாரணம் தேடி நாம் தூரம் போக வேண்டியதில்லை. ரகுவரன் நம் பாலக்காடு மாவட்டத்துக் கொல்லங்கோட்டில் 1958-ல் பிறந்தவர், கோவையில் வளர்ந்தவர்.

1982-ல் கே. ஹரிஹரன் இயக்கிய 'ஏழாவது மனிதன்' படத்தில் அவர்தான் நாயகன். சிறந்த தமிழ்ப் படத்துக்கான தேசிய விருதும் அதற்குக் கிடைத்தது. ஆனாலும் அவர் நிலைத்தது நாயகனாக அல்ல. 1986-ல் விசுவின் 'சம்சாரம் அது மின்சாரம்' வந்தது. பெற்ற அப்பாவிடமே கணக்குப் பார்க்கும் மூத்த மகன் சிதம்பரத்தைப் பார்த்து, "நம்ம சொந்தத்திலயும் இப்படி ஒருத்தர் இருக்காருங்க" என்று சொல்லாத குடும்பம் உண்டா?

1990-ல் மணிரத்னத்தின் 'அஞ்சலி'யில், மனவளர்ச்சி குன்றிய குழந்தை உயிரோடிருப்பதை மனைவியிடம் மறைத்துத் தவிக்கும் தகப்பன். 1995-ல் 'பாட்ஷா'வில் மார்க் ஆண்டனி. இரண்டும் ஒரே ஆள்தான். ஒட்டுமுடி, ஒப்பனை என்று பெரிய மாற்றமும் இல்லை. பிறகு எப்படி ஒருவரைப் பார்த்து அழுதோம், இன்னொருவரைப் பார்த்துப் பயந்தோம்? நான் கவனித்த வரையில் ரகசியம் குரலில் இருக்கிறது. மற்ற வில்லன்கள் கத்தும் இடத்தில் இவர் குரலைத் தாழ்த்துவார். பதில் சொல்லுமுன் ஒரு நொடி நிறுத்துவார். அந்த நொடி தகப்பனிடம் தயக்கமாகவும், தாதாவிடம் மிரட்டலாகவும் மாறிவிடும். 'முதல்வன்' (1999) பேட்டிக் காட்சியிலும் இதே வித்தைதான்.

எல்லையோரத்து நமக்கு இன்னொரு படமும் முக்கியம். எம். முகுந்தனின் நாவலை வைத்து லெனின் ராஜேந்திரன் 1992-ல் எடுத்த மலையாளப் படம் 'தைவத்தின்றெ விக்ருதிகள்'. பிரெஞ்சுக்காரர்கள் மாஹியை விட்டுப் போன பிறகும் அந்த மண்ணை விடமுடியாத மந்திரவாதி அல்ஃபோன்ஸாக நடித்தார் ரகுவரன். சித்தூரிலும் மூணாறிலும் நம் பிள்ளைகளை, "நீ தமிழா, மலையாளியா?" என்று கேட்கிறார்கள். என் பேரனையும் கேட்டிருக்கிறார்கள். எது என் ஊர் என்ற கேள்வியின் வலியை அந்த வேடத்தில் பார்க்கலாம். இரண்டு மொழிக்காரர்களும் அவரை எங்க ஆளு என்றுதான் சொல்கிறார்கள்.

2008 மார்ச் 19-ல், 49 வயதில் அவர் காலமானார். தனுஷுக்கு அப்பாவாக நடித்த 'யாரடி நீ மோகினி' அதற்குப் பிறகுதான் திரைக்கு வந்தது. நம் சங்கத்து அடுத்த விழாவில் 'அஞ்சலி'யையும் அந்த மலையாளப் படத்தையும் அடுத்தடுத்துத் திரையிடலாம் என்பது என் யோசனை. பிள்ளைகள் முன்வரிசையில் உட்காரட்டும்.