‘லைட்’ விண்டோஸ்: இறக்குமுன் யோசியுங்கள்!

விண்டோஸ் 11 வேண்டுமென்றால் 4 ஜி.பி. ரேம், 64 ஜி.பி. இடம், டி.பி.எம். 2.0 பாதுகாப்புச் சிப் எல்லாம் வேண்டும் என்கிறது மைக்ரோசாஃப்ட். விண்டோஸ் 10-க்கான வழக்கமான ஆதரவும் 2025 அக்டோபர் 14-ஓடு முடிந்துவிட்டது. நன்றாக ஓடிக்கொண்டிருக்கும் பழைய லேப்டாப்பைத் தூக்கிப்போட யாருக்கு மனம் வரும்? அந்த நேரத்தில்தான் ‘லைட்’ விண்டோஸ்கள் கண்ணில் படுகின்றன.

இவை தனியாட்கள் வெட்டித் தைத்த பதிப்புகள். எக்ஸ்பி காலத்து ‘டைனி எக்ஸ்பி’ முதல் இன்றைய ‘கோஸ்ட் ஸ்பெக்டர்’ வரை பல உண்டு. வேகம் கூடுவது உண்மைதான். ஆனால், எதை எடுத்துவிட்டு அந்த வேகம் வந்தது என்று பார்க்க வேண்டும். பல பதிப்புகளில் முதலில் கழற்றப்படுபவை விண்டோஸ் அப்டேட்டும் வைரஸ் தடுக்கும் டிஃபெண்டரும்தான்.

அப்டேட் இல்லாவிட்டால் என்ன ஆகும்? 2017 மே 12-ல் உலகை உலுக்கிய வான்னாக்ரை ரான்சம்வேர் நுழைந்த ஓட்டையை அடைக்கும் அப்டேட், மார்ச் 14-லேயே வந்துவிட்டது. அதைப் போடாத கணினிகள்தான் சிக்கின.

எடுத்தது இப்படியென்றால், சேர்த்தது இன்னும் மோசம். இணையத்தில் சுற்றிய சில திருட்டு விண்டோஸ் 10 பதிப்புகளை 2023-ல் ரஷ்யாவின் டாக்டர் வெப் நிறுவனம் ஆராய்ந்தது. உள்ளே ஒரு ட்ரோஜன்! விண்டோஸை நிறுவியதும் அது, கணினி துவங்குவதற்கான கோப்புகள் இருக்கும் இ.எஃப்.ஐ. பகுதிக்குள் போய் ஒளிந்துகொள்கிறது. எக்ஸ்ப்ளோரரில் அந்தப் பகுதி தெரியாது. நீங்கள் யாருக்காவது கிரிப்டோ பணம் அனுப்ப முகவரியை காப்பி செய்தால், பேஸ்ட் ஆவது திருடனின் முகவரி. இப்படிப் போனது சுமார் 19,000 டாலர்.

‘கோப்பின் டிஜிட்டல் கைரேகையான ஹேஷைச் சரிபார்த்துவிட்டேனே’ என்பார்கள் சிலர். கோப்பு வழியில் மாறவில்லை என்பதற்கு மட்டுமே அது சாட்சி. உருவாக்கியவர் உள்ளே என்ன வைத்தார் என்பதை அது சொல்லாது.

எல்லோரும் திருடர்கள் அல்ல. ‘டைனி11’ என்ற லைட் பதிப்பை உருவாக்கியவர், விண்டோஸின் அசல் நிறுவல் கோப்பான ஐ.எஸ்.ஓ.விலிருந்து நாமே வெட்டிக்கொள்ள, எவரும் படித்துப் பார்க்கக்கூடிய ஸ்கிரிப்டையே தந்திருக்கிறார். அதன் ‘கோர்’ வகை அன்றாடப் பயன்பாட்டுக்கு அல்ல என்று எச்சரிப்பவரும் அவரே.

பழைய கணினிக்கு 2 ஜி.பி. ரேமிலும் ஓடும் லினக்ஸ் மின்ட் இயங்குதளம் இலவசமாகவே கிடைக்கிறது. விண்டோஸ்தான் வேண்டுமென்றால் ஐ.எஸ்.ஓ.வை மைக்ரோசாஃப்ட் தளத்திலிருந்து மட்டும் எடுங்கள். முன்பின் தெரியாதவர் தைத்த விண்டோஸில் வங்கிக் கணக்கைத் திறக்காதீர்கள்.